இங்கிலாந்துக் கிராமத்தில் லிஸ்டட் வீடு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வேலை மாற்றம், ஆஸ்பத்திரிப் பணி, தபால் ஆபீஸோடு சேர்ந்த கடை என்று ஏதோ ஒரு காரணத்துக்காக லண்டனை விட்டுக் கிராமப்பக்கம் போகும் நம்மவர்கள் பலர். வீடு பார்க்கும்போது ஏஜென்ட் போகிறபோக்கில் "இது லிஸ்டட்" என்பார். அன்று இரவே எனக்கு போன் வந்துவிடும். கேள்விகள் பெரும்பாலும் ஒன்றேதான் என்பதால் இங்கே எழுதி வைத்துவிட்டேன். உதாரணம் தேவைப்படும் இடங்களில் குளோஸ்டர்ஷயரில் உள்ள பைபரி பாரிஷை, அதாவது நம் ஊராட்சி போன்ற ஒரு கிராமத்தை, காட்டியிருக்கிறேன். அதிகம் பேர் போய்ப் பார்த்த ஊர் அது. நான் சொல்லும் சட்டம் இங்கிலாந்துக்கு மட்டுமானது. ஸ்காட்லாந்துக்கும் வேல்ஸுக்கும் வேறு விதிகள். நான் வக்கீல் இல்லை என்பதையும் மனதில் வையுங்கள்.

லிஸ்டட்னா என்ன அண்ணா? வீட்டை கவர்மென்ட் எடுத்துக்கிட்டதா அர்த்தமா?

இல்லை. வீடு உங்களுடையதுதான். விற்கலாம், வாடகைக்கு விடலாம், பிள்ளைகளுக்கு எழுதி வைக்கலாம். ஊர்க்காரர்களுக்கு உள்ளே வந்து சுற்றிப் பார்க்கும் உரிமை கிடையாது. வரலாற்று மதிப்போ கட்டடக்கலை மதிப்போ உள்ள கட்டடம் என்று தேசியப் பட்டியலில் பதிந்திருக்கிறார்கள், அவ்வளவுதான். பட்டியலில் ஏறக்குறைய 4,00,000 பதிவுகள் இருக்கின்றன. ஒரு கட்டடத்தைச் சேர்க்கலாமா என்று ஹிஸ்டாரிக் இங்கிலாந்து அமைப்பு ஆலோசனை சொல்லும், பண்பாட்டுத் துறை அமைச்சர் முடிவெடுப்பார்.

இரண்டாம் உலகப்போரில் குண்டு விழுந்த கட்டடங்களில் எவற்றைக் காப்பாற்ற வேண்டும் என்று கட்டடக் கலைஞர்கள் பட்டியல் போட்டார்கள். தொடக்கம் அதுதான். 1947-ன் நகர, கிராமத் திட்டச் சட்டம் அதை நிரந்தர ஏற்பாடாக்கியது. இப்போது நடைமுறையில் இருப்பது 1990-ன் சட்டம். நிறையப் பேர் அதை "எதையும் மாற்றக் கூடாது" என்று புரிந்துகொள்கிறார்கள். கேட்காமல் மாற்றக் கூடாது என்பதுதான் சட்டம். கீழே வரும் பதில்களில் பாதி இந்த ஒரு விஷயத்திலிருந்தே கிளைத்தவை.

கிரேடு 2தானே, கடைசி ரேங்க். ரூல் லூஸாத்தான இருக்கும்?

கிரேடு 1, கிரேடு 2 ஸ்டார், கிரேடு 2 என்று மூன்று படிகள். பட்டியலில் கிரேடு 1 சுமார் 2.5 சதவீதம், ஸ்டார் 5.8 சதவீதம், மீதி 91.7 சதவீதமும் கிரேடு 2. நீங்கள் பார்க்கும் கிராமத்து வீடு பெரும்பாலும் இந்தக் கடைசி வகையில்தான் வரும்.

அனுமதி வாங்க வேண்டிய கடமையும் மீறினால் வரும் தண்டனையும் மூன்றுக்கும் ஒன்றே. அனுமதி இல்லாமல் கட்டடத்தின் தன்மையைக் கெடுக்கும் வேலை செய்வது கிரிமினல் குற்றம். வரம்பில்லாத அபராதமும் இரண்டு வருடம் வரை சிறையும் விதிக்கலாம். வித்தியாசம் விண்ணப்பத்தை எடைபோடும் விதத்தில்தான் இருக்கிறது. மேல் இரண்டு கிரேடுகளில் ஹிஸ்டாரிக் இங்கிலாந்தையும் கலந்துகொள்வார்கள், அதனால் பரிசீலனை இன்னும் கறாராக நடக்கும்.

எத்தனை வருஷம் பழசா இருந்தா லிஸ்ட்ல வரும்?

1700-க்கு முன் கட்டி, அசல் நிலையில் கணிசமாக மிஞ்சியிருந்தால் அநேகமாக வந்துவிடும். 1700 முதல் 1850 வரையுள்ளவற்றில் பெரும்பாலானவை வரும். அதற்குப் பிறகு கட்டியவற்றில் பொறுக்கி எடுப்பார்கள். முப்பது வருடம்கூட ஆகாத கட்டடம் அபூர்வமாகவே இடம்பெறும். பைபரியின் ஆர்லிங்டன் ரோ வீடுகள் 14-ஆம் நூற்றாண்டில் மடாலயத்தின் கம்பளிக் கிடங்காகக் கட்டப்பட்டவை. 17-ஆம் நூற்றாண்டில் அவற்றை நெசவாளர் குடியிருப்பாக மாற்றினார்கள். இன்று அது கிரேடு 1. கிடங்கை வீடாக்கிய அந்த வேலைக்கு இப்போது எத்தனை ஃபாரம் நிரப்ப வேண்டியிருக்கும் என்று சில நேரம் நினைத்துக்கொள்வேன்.

பாரிஷ்ங்கிறது சர்ச் சமாச்சாரமா, பஞ்சாயத்தா? அங்க ஒரு வார்த்தை கேட்டா போதுமா?

இரண்டு பாரிஷ் உண்டு. ஒன்று திருச்சபையின் பங்கு. மற்றது 1894-ன் உள்ளாட்சிச் சட்டம் கவுன்சில் வைத்துக்கொடுத்த சிவில் பாரிஷ். நம் ஊராட்சிக்குக் கிட்டத்தட்ட இணை இந்த இரண்டாவதுதான். எல்லைகள் பல இடங்களில் ஒத்துப்போகும், சில இடங்களில் போகாது.

பாரிஷ் கவுன்சிலிடம் கருத்துக் கேட்பார்கள். முடிவெடுக்கும் அதிகாரம் அதற்கு இல்லை. "கவுன்சிலர் சரின்னுட்டார்" என்று வேலையைத் தொடங்கினால் மாட்டிக்கொள்வீர்கள். விண்ணப்பம் மாவட்ட அளவில் உள்ள திட்ட அதிகாரத்துக்குப் போக வேண்டும். பைபரிக்கு அது காட்ஸ்வோல்ட் டிஸ்ட்ரிக்ட் கவுன்சில். லிஸ்டட் கட்டடத்தில் வேலை செய்ய வாங்கும் இந்த அனுமதிக்கு லிஸ்டட் பில்டிங் கன்சென்ட் என்று பெயர். அதற்குக் கட்டணம் கிடையாது. பொதுவாக எட்டு வாரத்தில் முடிவு வர வேண்டும். மறுத்தால் ஆறு மாதத்துக்குள் மேல்முறையீடு செய்யலாம். கவுன்சிலில் பழைய கட்டடங்களைக் கவனிக்கும் கன்சர்வேஷன் ஆபீஸர் ஒருவர் இருப்பார். விண்ணப்பத்துக்கு முன்பே அவரிடம் பேசிவிடுவது நல்லது. பல கவுன்சில்கள் அந்த ஆலோசனைக்குத் தனியாகப் பணம் வாங்குகின்றன. எனக்குத் தெரிந்தவரை அது வீண்செலவாவதில்லை.

உள்ள நான் என்ன பண்றேன்னு யாருக்குத் தெரியப் போகுது? முகப்பைத் தொடாம விட்டா போதாதா?

அதிகம் பேர் தடுக்கி விழும் இடம் இது. "முகப்பு மட்டும் லிஸ்டட்" என்ற பேச்சுக்குச் சட்டத்தில் இடமே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். தனியாக விலக்கிச் சொல்லாத வரை படிக்கட்டு, உத்தரம், மரத் தடுப்பு, தரையில் பதித்த கல், கணப்படுப்பு, பழைய கதவு எல்லாமே பாதுகாப்புக்குள் வரும். இரண்டு சிறிய அறைகளுக்கு நடுவே உள்ள சுவரை எடுத்து ஹாலைப் பெரிதாக்குவதற்கும் கன்சென்ட் வேண்டும்.

சுவரில் படம் மாட்டுவது, பழைய பெயின்ட் மேல் சாதாரண பெயின்ட் அடிப்பது, முன்பே நவீனமாக்கிய சமையலறையில் அலமாரி மாற்றுவது போன்றவற்றுக்கு வழக்கமாகத் தேவைப்படாது. உடைந்ததை அதே பொருளால், அதே முறையில் சரிசெய்வதும் பழுதுபார்ப்புதான். ஆனால் "அதே" என்பதில் ஓனரும் ஆபீஸரும் ஒரே மாதிரி நினைப்பதில்லை. மின்னஞ்சலில் கேட்டுப் பதிலைச் சேமித்து வையுங்கள்.

யாருக்குத் தெரியப் போகிறது என்றால், விற்கும்போது தெரியும். வாங்குபவரின் சர்வேயர் பார்ப்பார், அவருடைய வக்கீல் கேட்பார்.

லிஸ்ட்ல இருக்கிற விவரத்துல எங்க வீட்டு மாடிப்படி பத்தி ஒரு வரிகூட இல்லையே, அப்ப அது ஃப்ரீதானே?

இல்லை. அந்த விவரக் குறிப்பு எந்தக் கட்டடம் என்று அடையாளம் காட்ட எழுதியது. பழைய குறிப்புகள் பல நாலைந்து வரிதான். தெருவில் நின்று பார்த்து எழுதி, "உள்ளே பார்க்கவில்லை" என்று முடித்தவையும் உண்டு. சொல்லாமல் விட்டதால் மதிப்பில்லை என்றாகாது. 2013-க்குப் பிறகு எழுதிய சில குறிப்புகளில் மட்டும் இன்னின்ன பகுதிக்குப் பாதுகாப்பு இல்லை என்று வெளிப்படையாகச் சொல்லியிருப்பார்கள். அப்படி வாசகம் இருந்தால் உங்கள் அதிர்ஷ்டம்.

தோட்டத்துல ஒரு இடிஞ்ச கொட்டகை, ஒரு கல் மதில். அதையாவது எடுக்கலாமா?

முதலில் இரண்டு விஷயம் பாருங்கள். அது வீட்டின் வளாகத்துக்குள் வருகிறதா? 1948 ஜூலை 1-க்கு முன்பிருந்தே அங்கே நிற்கிறதா? இரண்டுக்கும் ஆம் என்றால் வீட்டோடு சேர்ந்து அதுவும் லிஸ்டட் ஆகிவிடும், பட்டியலில் பெயர் இல்லாவிட்டாலும். பன்றிக் கொட்டில், குதிரை லாயம், புறாக்கூண்டுக் கோபுரம், மதில் என்று கிராமத்து வீடுகளைச் சுற்றி இப்படி எத்தனையோ உண்டு. வளாகம் எதுவரை என்பதில் கோர்ட் வரை போன சண்டைகள் இருக்கின்றன. நிலம் பிற்பாடு வேறு கைக்கு மாறியிருந்தால் இன்னும் சிக்கல். நீங்களாக முடிவு செய்யாதீர்கள்.

சுவர்ல ஓதம் ஏறுது. நல்லா சிமெண்ட் பூசி சீல் பண்ணிட்டா சரியாயிடும்ல?

தயவுசெய்து வேண்டாம். அனுமதி இருக்கட்டும், வீட்டுக்கே ஆகாது.

இந்தப் பழைய சுவர்கள் தடித்த கல்லும் சுண்ணாம்புக் காரையும் சேர்ந்தவை. தண்ணீரை அறவே தடுக்கக் கட்டியவை அல்ல. மழையில் கொஞ்சம் ஈரம் உறிஞ்சும், வெயிலிலும் காற்றிலும் விட்டுவிடும். ஈரம் வெளியேறும் வழி பெரும்பாலும் கல்லின் இடுக்கில் உள்ள சுண்ணாம்புக் காரைதான். அதன் மேல் சிமெண்ட் பூசினால் வழி அடைபடும். சிமெண்டில் மயிர்க்கோடு போல ஒரு விரிசல் விழுந்தால் அது வழியாக உள்ளே போன தண்ணீர் வெளியே வர முடியாமல் கல்லுக்குள் தேங்கும். குளிர்காலத்தில் உறையும், விரியும், கல்லின் முகம் பொருக்குப் பொருக்காகக் கழன்று விழும். காட்ஸ்வோல்ட் சுண்ணக்கல் மிருதுவானது, அதற்கு இந்தச் சேதம் சீக்கிரம் வரும். சுண்ணாம்புக் காரை கல்லைவிட மிருதுவாக இருப்பது வேண்டுமென்றே செய்த ஏற்பாடு. தேய்வது காரையாக இருந்தால் சில தலைமுறைக்கு ஒருமுறை இடுக்கை நிரப்பினால் போதும். தேய்வது கல்லாக இருந்தால் சுவரையே மாற்ற வேண்டி வரும்.

முதலில் மழைநீர்த் தாழ்வாரக் குழாய் ஒழுகுகிறதா என்று பாருங்கள். வெளியே மண்மட்டம் உள்தரையைவிட உயர்ந்து போயிருக்கிறதா? யாராவது முன்பே சிமெண்ட் பூசியிருக்கிறார்களா? ஜன்னலைத் திறக்காமல் உள்ளே துணி காயப்போடுகிறீர்களா? ஓதத்தைத் தடுக்கச் சுவருக்குள் ரசாயன ஊசி போட வருகிறவர்களிடம் போவதற்கு முன் இந்த நாலையும் பார்த்துவிடுங்கள். 1877-ல் வில்லியம் மாரிஸும் நண்பர்களும் தொடங்கிய பழங்கட்டடப் பாதுகாப்புச் சங்கம் இன்றும் இருக்கிறது, இத்தகைய கேள்விகளுக்கு இலவசமாகவே ஆலோசனை சொல்கிறது.

கூரை ஒழுகுது. சாதாரண ஓடு போட்டுக்கலாமா?

பைபரி வீடுகளின் கூரை கல் ஓடு. இறவாரத்தில் பெரிய கற்கள், மேலே போகப் போகச் சிறியவை, உச்சியில் கையளவு. அந்த வரிசையே ஊரின் முகம். அருகில் ஆக்ஸ்போர்ட்ஷயரின் ஸ்டோன்ஸ்ஃபீல்டில் வெட்டியெடுத்த கல்லைக் குளிர்காலம் முழுக்க வெட்டவெளியில் நனைத்துப் போட்டு வைப்பார்கள். உறைபனியே அதை ஏடு ஏடாகப் பிளந்து கொடுக்கும். இப்போது புதுக் கல் ஓடு கிடைப்பது அரிது, விலையும் அதிகம். இருப்பதைப் பத்திரமாக இறக்கி, நல்லதைத் திரும்பப் போடுவதுதான் வழக்கம். கான்கிரீட் ஓட்டுக்கு மாறுவது மாற்றமாகவே எண்ணப்படும், கன்சென்ட் வேண்டும், அநேகமாகக் கிடைக்காது.

வைக்கோல் கூரை வீட்டிலும் இதே கதைதான். வைக்கோலை எடுத்துவிட்டு நாணல் வேய்வதுகூடச் சில கவுன்சில்களில் அனுமதிக்குரிய மாற்றம். கூரை நீடித்தாலும் உச்சி முகட்டைப் பத்துப் பதினைந்து வருடத்துக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டியிருக்கும். வீட்டு விலை பேசும்போதே அதைக் கணக்கில் சேருங்கள்.

குளிர் தாங்கல. டபுள் கிளேஸிங், சோலார் எதுவுமே முடியாதா?

முடியும், பொறுமை வேண்டும். பழைய கண்ணாடியையும் மரச்சட்டத்தையும் எடுத்துவிட்டு பிளாஸ்டிக் ஜன்னல் கேட்டால் கிடைக்காது. பழைய ஜன்னலை அப்படியே விட்டு உட்புறம் இன்னொரு மெல்லிய ஜன்னல் பொருத்துவதைப் பலரும் ஏற்கிறார்கள், சத்தமும் குறையும். பரணில் கம்பளி இழை போன்ற காற்றோட்டம் உள்ள காப்புப் போடுவது, கதவு இடுக்கை அடைப்பது, கனத்த திரை தொங்கவிடுவது எல்லாம் மலிவு, பலனும் உண்டு. சோலாரைப் பொறுத்தவரை தெருவிலிருந்து தெரியாத சரிவில், கட்டடத்துக்குச் சேதமில்லாமல் வைக்கத் திட்டம் கொடுத்தால் வாய்ப்பு அதிகம். இந்த விஷயத்தில் பல கவுன்சில்கள் தேவைக்கு மேல் இறுக்கிப் பிடிக்கின்றன என்பது என் அபிப்பிராயம். ஆனாலும் கேட்டுவிட்டுத்தான் செய்ய வேண்டும்.

பரணில் வவ்வால். விரட்டிட்டு வேலையை ஆரம்பிக்கலாமா?

கூடாது. எல்லா வவ்வால் இனங்களுக்கும் சட்டப் பாதுகாப்பு உண்டு. அவை தங்கும் இடத்தைக் கெடுப்பதும் குற்றம், அந்த நேரத்தில் வவ்வால் அங்கே இல்லாவிட்டாலும். கட்டட அனுமதி வாங்கிவிட்டால் இது தீர்ந்துவிடாது. இது தனிச் சட்டம், தனி உரிமம், நேச்சுரல் இங்கிலாந்து என்ற இயற்கைப் பாதுகாப்பு அமைப்பு கொடுக்க வேண்டும். கணக்கெடுப்பு கோடையில்தான் சரியாக நடக்கும், அதனால் ஒரு வருடமே தள்ளிப்போகலாம்.

எங்க ஊர் சர்ச்சும் லிஸ்டட். ஆனா அவங்க மட்டும் கவுன்சில்கிட்ட கேக்காம பெஞ்ச் எல்லாம் எடுக்கிறாங்களே?

அவர்களும் கேட்கத்தான் செய்கிறார்கள், வேறு இடத்தில். இங்கிலாந்துத் திருச்சபையும் இன்னும் சில சபைகளும் வழிபாட்டில் உள்ள கட்டடங்களுக்கு லிஸ்டட் பில்டிங் கன்சென்டிலிருந்து விலக்குப் பெற்றவை. பதிலாக, மறைமாவட்டத்தின் ஆலோசனைக் குழு பார்த்து, சான்சலர் எனப்படும் திருச்சபை நீதிபதி "ஃபேகல்டி" என்ற அனுமதி கொடுக்க வேண்டும். பெஞ்ச் எடுப்பதா வேண்டாமா என்று அங்கே நடக்கும் வழக்குகளின் தீர்ப்பைப் படித்தால் கவுன்சிலே தேவலை என்று தோன்றும். வெளிப்புறம் புதிதாக ஏதாவது கட்டினால் சாதாரணத் திட்ட அனுமதியும் வேண்டும்.

கட்டடம் மட்டும்தானா? போன் பூத்கூட லிஸ்ட்ல இருக்குன்னு சொன்னாங்க, கிண்டல் பண்றாங்களா?

உண்மைதான். 1935-ல் ஜைல்ஸ் கில்பர்ட் ஸ்காட் வடிவமைத்த சிவப்பு போன் பூத்கள் பல கிரேடு 2. போன் கம்பெனி கைவிட்ட பூத்களை ஒரு பவுண்டு கொடுத்து பாரிஷ் கவுன்சில்கள் வாங்கி, புத்தக அலமாரியாகவோ இதயத் துடிப்பை மீட்கும் கருவி வைக்கும் இடமாகவோ பயன்படுத்துகின்றன. மைல்கல், ஊர்ப் பம்பு, போர் நினைவுச் சின்னம், கல்லறைப் பேழை எல்லாம் தனித்தனிப் பதிவாக இருக்கும்.

எனக்குப் பிடித்தது ஆக்ஸ்போர்ட்ஷயரின் ஸ்டோக் ரோவில் உள்ள மகாராஜா கிணறு. இந்தியாவில் பணியாற்றிய எட்வர்ட் ரீட் என்பவர் தன் ஊர்ப்பக்கத்துத் தண்ணீர்க் கஷ்டத்தைச் சொல்ல, காசி மகாராஜா பணம் கொடுத்தார். 1864-ல் திறந்த கிணறு, 368 அடி ஆழம், மேலே பொன்னிறக் குவிமாடம், உள்ளே ஒரு யானைச் சிலை. இங்கிலாந்துக் கிராமத்துக்கு இந்தியாவிலிருந்து நிவாரணம் போன கதை, அதுவும் சட்டப் பாதுகாப்போடு.

லிஸ்ட்லயே இல்லாத பழைய பப்பை வாங்கி இடிச்சா யார் கேப்பா?

ஸ்டாஃபோர்ட்ஷயரின் ஹிம்லி பக்கம், சுரங்கத்தால் நிலம் தாழ்ந்து கோணலாக நின்ற க்ரூக்கெட் ஹவுஸ் பப் லிஸ்டட் இல்லை. 2023 ஆகஸ்ட் 5 இரவு எரிந்தது, இரண்டு நாளில் இயந்திரம் வைத்து இடித்தார்கள். 2024 பிப்ரவரியில் கவுன்சில் மூன்று வருடத்துக்குள் பழையபடி கட்ட வேண்டும் என்று நோட்டீஸ் கொடுத்தது, உரிமையாளர்கள் மேல்முறையீட்டுக்குப் போனார்கள். 2015-ல் லண்டனில் அனுமதியின்றி இடித்த கார்ல்டன் டாவர்ன் பப்பை அப்படியே திருப்பிக் கட்ட வைத்தார்கள், 2021-ல் அது மீண்டும் திறந்தது. பப் இடிப்பதற்கு 2017 முதல் திட்ட அனுமதி அவசியம்.

இதுபோக, ஊரின் ஒரு பகுதியை முழுதாகப் பாதுகாக்க 1967-ல் வந்த கன்சர்வேஷன் ஏரியா என்ற ஏற்பாடு உண்டு. அதற்குள் இருந்தால் லிஸ்டட் அல்லாத கட்டடத்தை இடிக்கவும் அனுமதி வேண்டும். மரம் வெட்டக்கூட ஆறு வாரம் முன்னதாகத் தெரிவிக்க வேண்டும்.

அனுமதிக்கே போகாம அப்படியே விட்டுட்டா? தானா விழுந்தா என் தப்பில்லையே?

விழுகிறவரை காத்திருக்க மாட்டார்கள். கவுன்சில் அவசர வேலைக்கு நோட்டீஸ் கொடுத்துத் தானே முட்டுக் கொடுத்து, தார்ப்பாய் போட்டு, செலவை உங்களிடம் வசூலிக்கலாம். அதற்கு மேல் பழுதுபார்ப்பு நோட்டீஸ் உண்டு. அதையும் மதிக்காவிட்டால் கட்டாயக் கையகப்படுத்தல் வரை போகலாம். கவுன்சில்களிடம் பணமும் ஆளும் குறைவு என்பதால் அடிக்கடி நடப்பதில்லை என்பதும் உண்மை.

இவ்வளவு கெடுபிடி பண்றாங்களே, செலவுக்கு ஏதாவது தர்றாங்களா?

சாதாரண கிரேடு 2 வீட்டுக்குப் பெரிதாக எதிர்பார்க்காதீர்கள். அனுமதி பெற்ற மாற்ற வேலைகளுக்கு ஒருகாலத்தில் வாட் வரி இல்லை. 2012 அக்டோபர் 1 முதல் அந்தச் சலுகையும் போய் 20 சதவீதம் ஆனது. அந்தப் பழைய சலுகை இருந்தபோதும் பழுதுபார்ப்புக்கு முழு வரிதான் வாங்கினார்கள். காப்பதற்கு வரி, மாற்றுவதற்கு விலக்கு. இன்சூரன்ஸ் எடுக்கும்போது சந்தை விலையைப் பார்க்காமல் அதே கல், அதே மரத்தில் திரும்பக் கட்ட ஆகும் செலவைக் கணக்கிடச் சொல்லுங்கள்.

போன ஓனர் கேக்காம சுவரை எடுத்திருக்கார். வாங்கினா என் தலையில விடியுமா?

பாதி விடியும். குற்ற வழக்கு வேலையைச் செய்தவர், செய்வித்தவர் மீதுதான். ஆனால் பழைய நிலைக்குக் கொண்டுவரச் சொல்லும் அமலாக்க நோட்டீஸ் இப்போதைய உரிமையாளருக்கு வரும். சாதாரணக் கட்டுமான மீறல்களுக்கு உள்ளதுபோல் இத்தனை வருடம் போனால் தப்பலாம் என்ற காலவரம்பு இதற்குக் கிடையாது.

விற்பவரின் வக்கீல் இழப்பீட்டு இன்சூரன்ஸ் எடுத்துத் தருகிறோம் என்பார். நிபந்தனையைப் படியுங்கள். கவுன்சிலிடம் நீங்கள் இதைப் பற்றிப் பேசினால் பாலிசி செல்லாது என்று வழக்கமாக எழுதியிருக்கும். பாலிசி வாங்கிவிட்டால் கேட்டுச் சரிசெய்யும் வழியை நீங்களே அடைத்துக்கொள்கிறீர்கள். நான் சொல்வது இதுதான். கான்ட்ராக்டில் கையெழுத்திடுவதற்கு முன்பே, இருக்கும் வேலைக்குக் கன்சென்ட் வாங்கித் தரச் சொல்லி விற்பவரிடமே கேளுங்கள். அது கொடுத்த தேதியிலிருந்துதான் செல்லும், பழைய குற்றத்தை அழிக்காது. ஆனால் நோட்டீஸ் பயம் போய்விடும். அவர் மறுத்தால், திருப்பிக் கட்டும் செலவுக்கு ஒரு பில்டரிடம் எழுத்தில் மதிப்பீடு வாங்கி அதை விலையில் குறைக்கச் சொல்லுங்கள். அதற்கும் இறங்கி வராவிட்டால் வேறு வீடு பாருங்கள்.